நீ வெட்டி எறிந்த இடங்கள்

தம்பி,

நேற்று உன் ஸ்டூடியோவுக்கு வந்து நான் சொல்லத் தொடங்கியதை நீ சொல்லி முடிக்க விடவில்லை. முதல் எழுத்தில் நான் மாட்டிக்கொண்டு நின்றபோதே மீதியை நீயாக ஊகித்து, "கலர் சரியில்லன்னு தானேப்பா சொல்ல வர்றீங்க, மாத்திடலாம்" என்று சொல்லிவிட்டுத் திரும்பவும் கணினிப் பக்கம் முகத்தைத் திருப்பிக்கொண்டாய். கலரைப் பற்றி எனக்கு ஒரு மண்ணும் தெரியாது. நான் சொல்ல வந்தது வேறு. படியிறங்கி, என் கண்ணாடிக் கடைக்குப் போய் அதைப் பூட்டி, வத்தேகம பஸ்ஸில் ஏறி வீட்டுக்கு வரும்வரை அதையே நினைத்துக்கொண்டு வந்தேன். நீ அடுத்த வாரம் கட்டாருக்குப் புறப்படுகிறாய். அதற்குள் இதை உன்னிடம் வாயால் சொல்லி முடிக்க எனக்கு முடியாது. முடிந்தாலும் நீ இருந்து கேட்கப்போவதில்லை. பேனா பிடித்தால் எனக்குத் திக்குவதில்லை என்பது உனக்குத் தெரியும். ஆகவே எழுதுகிறேன். வாசிக்கும்போதாவது பாதியில் நீ வாக்கியத்தை முடித்து வைக்க முடியாது.

உன் தொழிலை நான் மதிக்கவில்லை என்று உன் அம்மாவிடம் குறைபட்டாயாம். உண்மைதான். முதலில் அப்படி இருக்கவில்லை. நீ கமராவைத் தூக்கிக்கொண்டு கல்யாண வீடுகளுக்குப் போன காலத்தில், பெண்ணின் தாய் எந்த நேரத்தில் அழுவாள் என்று காத்திருந்து எடுப்பாய். அதில் ஒரு பொறுமை இருந்தது. பிறகு அந்த மென்பொருள் வந்தது. ஒருநாள் என் கடைக்கு மடிக்கணினியோடு ஓடிவந்து, கண்ணாடிச் சட்டங்கள் அடுக்கிய மேசையில் அதை விரித்து, "அப்பா, இங்க பாருங்க, இனிமே நான் உக்காந்து வெட்டத் தேவையே இல்ல" என்றாய். பேசுகிற ஒருவரின் வீடியோவை அதற்குள் போட்டால், சத்தமில்லாத இடங்களை அதுவே கண்டுபிடித்து, அதுவே வெட்டி எறிந்து, மிச்சத்தை ஒட்டிக் கொடுத்துவிடும் என்றாய். சத்தத்துக்கு ஓர் அளவைக் குறித்துக் கொடுப்பாயாம். அந்த அளவுக்குக் கீழே இருப்பதெல்லாம் அதற்கு மௌனமாம். அந்த இடங்களுக்கு நீ வைத்திருந்த பெயர் 'டெட் ஸ்பேஸ்'. செத்த இடம். திரையில் அவை சாம்பல் நிறத்தில் தெரிந்தன. நீ ஒரு பொத்தானை அழுத்தினாய், அத்தனையும் காணாமல் போயின. வைத்தியசாலையில் கட்டி எடுத்த மருத்துவரைப் போல் என்னை நிமிர்ந்து பார்த்தாய்.

முதலில் நீ அதைப் பாவித்தது அந்த டியூஷன் மாஸ்டர்களுக்குத்தான். கண்டியில் கூரை போட்ட இடமெல்லாம் டியூஷன். இப்போது கூரையும் வேண்டாம், வீடியோ போதும் என்று ஆகிவிட்டது. உன் இரசாயனவியல் மாஸ்டர் பலகையில் ஒரு கணக்கை எழுதிவிட்டு, "இதுக்கு விடை என்ன?" என்று கேட்கிறார். கேட்டதும் ஒரு வினாடிகூட இல்லை, "சரி, அதேதான்" என்கிறார். யாருக்குச் 'சரி' சொல்கிறார்? எந்தப் பிள்ளை விடை சொன்னது? அவர் கேட்டுவிட்டுக் காத்திருந்த நேரத்தை நீ குப்பையில் போட்டுவிட்டாய். பக்கத்து வீட்டுப் பெண்பிள்ளை உயர்தரப் பரீட்சைக்கு அதைப் பார்த்துத்தான் படிக்கிறாள். நிறுத்தி நிறுத்தி, பின்னால் தள்ளித் தள்ளிப் பார்க்கிறாள். ஒருநாள் மதிலுக்கு மேலால் எட்டி என்னிடம் சொன்னாள், "அங்கிள், அந்த சேர் மூச்சே விடமாட்டாரு. பாத்துக்கிட்டு இருந்தா எனக்கு மூச்சு முட்டுது." இதை உன்னிடம் சொன்னபோது நீ சிரித்தாய். பார்ப்பவர்கள் இடைவெளி வந்தால் ஓடிப்போய்விடுவார்கள் என்றாய். ஓடுகிறவன் ஓடட்டும். அவனுக்காக உட்கார்ந்திருப்பவளின் கழுத்தை ஏன் நெரிக்கிறாய்?

என் தொழிலைப் பற்றியும் ஒன்று சொல்லிவிடுகிறேன். கண் பார்க்க வருகிறவரின் முகத்தில் வில்லை மாற்றிப் பார்க்கிற சட்டத்தை மாட்டி, ஒரு வில்லையைப் போட்டு, பிறகு இன்னொன்றைப் போட்டு, "இதுவா, முதல்ல போட்டதா, எது தெளிவு?" என்று கேட்பேன். உடனே "இதுதான்" என்று சொல்கிறவரை நான் நம்புவதில்லை. என்னை மகிழ்விக்கச் சொல்கிறார், அல்லது பஸ்ஸுக்கு நேரமாகிவிட்டது. எதுவும் பேசாமல் எழுத்துப் பலகையையே பார்த்துக்கொண்டிருக்கிறார் பார், அவர்தான் உண்மையில் பார்க்கிறார். அந்தப் பேசாத நேரத்தில்தான் அவருக்குக் கண்ணாடி கிடைக்கிறது. உன் மென்பொருளை என் கடையில் வேலைக்கு வைத்தால் கண்டி நகரம் முழுக்கப் பிழையான கண்ணாடியோடு தடுக்கி விழும்.

இதெல்லாம் ஊர்க்கதை, போகட்டும். உன் தங்கை பவித்ராவின் கல்யாணத்துக்கு வருகிறேன்.

மாப்பிள்ளை வீட்டார் தெல்தோட்டைக்காரர்கள், நல்ல மனிதர்கள், கொஞ்சம் சத்தமான மனிதர்கள். அவர்கள் முன்னால் அப்பா மைக்கைப் பிடித்துத் தடுமாறக் கூடாது என்று நீயும் அம்மாவும் பேசி வைத்துக்கொண்டீர்கள். வாழ்த்துச் சொல்வதை வீட்டிலேயே எடுத்து மண்டபத்தில் திரையில் போடலாம் என்று முடிவானது. நான் சம்மதித்தேன். முன்கூடத்துக் கதிரையில் உட்கார்த்தி விளக்கைப் போட்டு எடுத்தாய். எனக்கு 'ப' வராது என்பது உனக்குத் தெரியும். உதடு ஒட்டிக்கொள்ளும், திறக்காது. அப்படியிருந்தும் மகளுக்கு அந்தப் பெயரை வைத்தவன் நான்தான். அம்மா "உங்களுக்கு லேசா வர்ற பேரா வைப்போமே" என்று கெஞ்சியும் நான் கேட்கவில்லை. என் வாய்க்குப் பயந்து பிள்ளைக்குப் பெயர் வைக்க எனக்கு விருப்பமில்லை. பேராதனையில் பேச்சுப் பயிற்சிக்குப் போன நாட்களில், முட்டுகிற எழுத்தை முட்டித் திறக்காமல், மூச்சோடு மெதுவாக விடும்படி சொல்லிக்கொடுத்தார்கள். அன்று கமராவுக்கு முன்னால் அப்படித்தான் சொன்னேன். ஒவ்வொரு தடவையும் அவள் பெயருக்கு முன் நின்று, மூச்சை இழுத்து, மெல்ல, ஏறக்குறையக் காற்றாகவே, "பவித்ரா" என்றேன். எடுத்து முடிந்ததும் என் முதுகெல்லாம் வேர்வை. நீ, "சூப்பர்பா" என்றாய்.

மண்டபத்தில் விளக்கை அணைத்துத் திரையில் போட்டபோது அங்கே ஒருவர் பேசிக்கொண்டிருந்தார். என் சட்டை, என் மீசை. தங்குதடையில்லாமல், கூட்டத்தில் பேசும் அரசியல்வாதியைப் போல் பொழிந்துகொண்டிருந்தார். தலை மட்டும் இங்கும் அங்கும் வெட்டி வெட்டிக் குதித்தது. முதல் சில வார்த்தைகளுக்கு எனக்கு அது பிடித்திருந்தது, மறைக்க மாட்டேன். இப்படி ஒருவன் எனக்குள் இருந்தானா என்று கொஞ்சம் நிமிர்ந்துகூட உட்கார்ந்தேன். பிறகுதான் கவனித்தேன். "என் மகள் சின்ன வயசிலேயே" என்கிறான் அவன். நான் "என் மகள் பவித்ரா" என்றல்லவா சொன்னேன். "வீட்டுக்கு விளக்கு மாதிரி" என்கிறான். அதற்கு முன்னால் அவள் பெயர் இருந்தது. கடைசியில், "நீ நல்லா இருக்கணும்மா" என்று மொட்டையாக முடிக்கிறான். பேச்சு முழுவதிலும் அவள் பெயர் ஒரு தடவைகூட இல்லை. நான் மூச்சோடு சொன்னதையெல்லாம் உன் மென்பொருள் மௌனம் என்று எண்ணி எடுத்துப் போட்டுவிட்டது. நான் அந்தப் பேச்சில் பட்ட பாடெல்லாம் அந்த ஒரு பெயருக்காக. அதை மட்டும் பார்த்து நீக்கிவிட்டு, பாடுபடாமல் வந்ததையெல்லாம் வைத்துக்கொண்டது. நீயாவது ஒரு தடவை போட்டுப் பார்த்தாயா? பார்த்திருக்க மாட்டாய். பார்க்கிற வேலையைத்தான் இயந்திரத்திடம் கொடுத்தாயிற்றே.

எல்லோரும் கை தட்டினார்கள். நான் மணமேடையைப் பார்த்தேன். பவித்ரா கை தட்டவில்லை. திரையையே பார்த்துக்கொண்டிருந்தாள். எதையோ கைமறதியாக எங்கோ வைத்துவிட்டுத் தேடுகிற முகம். அந்த நேரம் பார்த்து மாப்பிள்ளையின் பெரியப்பா என் தோளில் கையைப் போட்டு, "என்னா பேச்சு சம்பந்தி, இவ்வளவு நாளா இத எங்க ஒளிச்சு வச்சிருந்தீங்க? வாங்க, நேர்ல நாலு வார்த்தை" என்று இழுத்தார். அவரைப் பிழை சொல்ல முடியாது, திரையில் கண்டதை நம்பினார். நீ தூரத்திலிருந்து வேண்டாம் என்று தலையாட்டினாய். நான் கண்டேன். கண்டும் எழுந்தேன். வீரம் காட்ட எழவில்லை. அவ்வளவு பேர் முன்னால் என் மகளின் பெயர் சொல்லப்படாமல் கிடந்தது. அதைச் சொல்லிவிட்டு உட்கார வேண்டும், அவ்வளவுதான்.

மைக்கைப் பிடித்தேன். உதடு ஒட்டிக்கொண்டது. பயிற்சியெல்லாம் எங்கோ போய்விட்டது. மண்டபம் முதலில் காத்திருந்தது, பிறகு நெளிந்தது, ஒரு குழந்தை ஏதோ கேட்டது, யாரோ இருமினார்கள். எனக்கு அது பழகியதுதான். நான் வாழ்க்கையில் பாதியை அந்த இடத்தில்தான் கழித்திருக்கிறேன். கதவுக்கு இந்தப் பக்கம் நின்று தள்ளிக்கொண்டே இருந்தால் அது திறக்கும் என்று எனக்குத் தெரியும். எப்போது என்றுதான் தெரியாது. திறக்கப்போகிற நேரத்தில் நீ கையை உயர்த்தி டிஜேக்குச் சைகை காட்டினாய். பாட்டு வெடித்தது.

என் மகன் நீ, என் வாயில் பாட்டைத் திணித்தாய்.

மைக்கைக் கையில் வைத்துக்கொண்டு நின்றேன். சிலர் பாட்டுக்குக் கை தட்டவும் தொடங்கிவிட்டார்கள். அப்போதுதான் பவித்ரா எழுந்தாள். கூறைச் சேலையைக் கையில் தூக்கிப் பிடித்துக்கொண்டு, மாலையோடு, யாரையும் பார்க்காமல் மேடையிலிருந்து இறங்கி, அந்த நடைபாதை வழியே டிஜேயின் மேசைவரை நடந்து போனாள். அவன் ஒரு சிங்களப் பையன், மணப்பெண் தன்னை நோக்கி வருவதைக் கண்டு பயந்தே போனான். அவள் சத்தம் போடவில்லை. பாட்டை நிறுத்தச் சொல்லிக் கையைக் காட்டிவிட்டு, "பொட்டக் இன்ன மல்லி. தாத்தா தாம கதா கரனவா" என்று சிங்களத்தில் சொன்னாள். கொஞ்சம் இரு தம்பி, அப்பா இன்னும் பேசிக்கொண்டிருக்கிறார். நான் பேசவேயில்லை. வாயை மூடிக்கொண்டு நின்றேன். அவள் அதைப் பேச்சு என்றாள். பிறகு மேடைக்குத் திரும்பவும் இல்லை. அந்த மேசையில் ஒரு கையை ஊன்றிக்கொண்டு, என்னைப் பார்த்தபடி அங்கேயே நின்றாள். அவள் நின்றதால் மாப்பிள்ளையும் எழுந்து நின்றார். மாப்பிள்ளை நின்றதால் தெல்தோட்டைச் சனம் முழுக்க வாயை மூடியது.

நான் சொன்னது சின்ன விஷயம். "பவித்ராவுக்கு அவசரப்படத் தெரியாது. அவள அவசரப்படுத்தாதீங்க." பெயர் உரத்து வந்தது, மைக் கீச்சிட்டது. அதற்குப் பிறகு உட்கார்ந்து பாயாசம் குடித்தேன். நீ வந்து என் காதில் என்ன சொன்னாய் என்று நினைவிருக்கிறதா? "நான் உங்கள காப்பாத்தத்தான் பாட்ட போடச் சொன்னேன்பா." எதிலிருந்து தம்பி காப்பாற்றினாய்? என் பேச்சிலிருந்தா, உன் வெட்கத்திலிருந்தா? அன்று கல்யாண வீடு என்று பேசாமல் இருந்தேன். அதையும் நீ செத்த இடம் என்று எடுத்துக்கொண்டாய் போலும்.

நேற்று நான் வந்தது இதற்காகத்தான். நீ கொடுத்தனுப்பிய பென் ட்ரைவை முந்தாநாள் டீவியில் போட்டுப் பார்த்தோம். அம்மா மாப்பிள்ளை வீட்டாரையும் கூப்பிட்டிருந்தாள். தாலி கட்டினது, சாப்பாடு, எல்லாம் பளபளவென்று இருந்தது. பிறகு நான் மைக்கை வாங்குகிறேன். வாங்கியதும், "பவித்ராவுக்கு அவசரப்படத் தெரியாது" என்று தடதடவென்று சொல்லிவிட்டு உட்கார்ந்துவிடுகிறேன். பாட்டு வந்த இடத்தை நீ கையால் வெட்டியிருக்கிறாய், அது உன் கைவரிசை என்று தெரிந்தது. மிச்சத்தை உன் இயந்திரம் தின்றிருக்கிறது. பவித்ரா எழவும் இல்லை, நடக்கவும் இல்லை. ஒரு படத்தில் மேடையில் இருக்கிறாள், அடுத்த படத்தில் டிஜேயின் மேசைக்குப் பக்கத்தில் இருக்கிறாள், ஏன் அங்கே நிற்கிறாள் என்று பார்க்கிறவனுக்கு விளங்காது. மாப்பிள்ளையின் பெரியப்பாதான், "இதுல ஒன்ன காணோமே" என்றார்.

அதைத்தான் கேட்டேன். எவ்வளவோ பாடுபட்டு, "பாப்பா நடந்து போனாளே, அது எங்க?" என்றேன். நீ திரையிலிருந்து கண்ணை எடுக்காமல், "அது வேஸ்ட் புட்டேஜ்பா. அதுல ஒன்னும் நடக்கல" என்றாய். அசல் பதிவைத் தா என்றேன். கணினியில் இடம் போதாமல் அழித்துவிட்டதாகச் சொன்னாய். அதற்கு நான் ஒரு வார்த்தை சொல்லத் தொடங்கினேன். அப்போதுதான் நீ அந்தக் கலர் கதையை எடுத்தாய்.

நான் சொல்லவிருந்த வார்த்தையை இங்கே எழுதுவதில் எனக்குத் தயக்கமில்லை. மடையன். உன் தங்கை தன் வாழ்நாளில் செய்த பெரிய காரியம் அது. கல்யாணப் பெண் தலை குனிந்து உட்கார்ந்திருக்க வேண்டிய நேரத்தில், புதுச் சொந்தங்கள் அத்தனை பேரும் பார்க்க, தகப்பனுக்காக எழுந்து நடந்தாள். அதை உன் கமரா எடுத்திருக்கிறது, உன் இயந்திரம் பார்த்திருக்கிறது, இரண்டும் சேர்ந்து ஒன்றும் நடக்கவில்லை என்று தீர்ப்புச் சொல்லியிருக்கின்றன, நீ அதற்குத் தலையாட்டுகிறாய். அந்த மென்பொருளை நான் குறை சொல்லப்போவதில்லை. அதற்குச் சத்தம் மட்டும்தான் தெரியும், கத்தியிடம் போய் நியாயம் கேட்க முடியாது. உனக்கு இரண்டு கண் இருக்கிறது. நானே பார்த்துச் சொல்கிறேன், ஒரு குறையும் இல்லாத கண். கட்டாரில் உனக்கு இதே வேலைதான், இன்னும் பெரிய இயந்திரத்தோடு. போ. நன்றாகச் சம்பாதி. அங்கே பேசுகிறவர்களையெல்லாம் மூச்சில்லாதவர்களாக ஆக்கு, அது அவர்கள் பாடு. மனிதர் வாயைத் திறக்காமல் இருக்கும்போது என்ன செய்கிறார் என்று ஒரு தடவையாவது நீயே உட்கார்ந்து பார்த்துவிட்டு வெட்டு. இதைத்தான் தகப்பன் என்ற முறையில் உனக்குச் சொல்ல என்னிடம் இருக்கிறது. வேறு புத்திமதி எதுவும் இல்லை.

இத்தோடு முடித்திருப்பேன். இன்று காலை சம்பந்தி அம்மா, மாப்பிள்ளையின் தாய், பவித்ராவோடு வீட்டுக்கு வந்தார். அன்று அவர் முன்வரிசையில் இருந்து தன் போனில் எடுத்ததாம். "தெளிவா இல்ல அண்ணே, கை நடுங்கிருச்சு" என்று கூச்சப்பட்டுக்கொண்டே காட்டினார். யாருடைய தலையோ பாதியை மறைக்கிறது, ஆனால் எல்லாம் இருக்கிறது. பாட்டு இருக்கிறது, பவித்ரா நடப்பது இருக்கிறது. பாட்டு நின்ற பிறகு என்னைக் காட்டுகிறார், அவளைக் காட்டுகிறார். அவளைக் காட்டும்போது பின்னால் உன் கமராவுக்குப் பக்கத்தில் நீ நிற்கிறாய்.

உன் கை இன்னும் மேலேயே இருக்கிறது. டிஜேக்குச் சைகை காட்டிய கை, இறக்க மறந்துவிட்டாய். கமராவையோ போனையோ நீ பார்க்கவில்லை, என்னைப் பார்த்துக்கொண்டிருக்கிறாய். உன் உதடு இரண்டும் ஒட்டியிருக்கின்றன. கழுத்து நரம்பு புடைத்திருக்கிறது. கன்னம் உப்பியிருக்கிறது. 'ப' சொல்ல முடியாதவனின் முகம் எப்படியிருக்கும் என்று எனக்குக் கண்ணாடியில் பார்த்துத் தெரியும் தம்பி. உனக்குத் திக்காது, பிறந்ததிலிருந்து ஒருநாளும் திக்கியதில்லை. ஆனாலும் நீ அங்கே நின்று தள்ளிக்கொண்டிருக்கிறாய். மைக்கில் என் சத்தம் வந்த அதே நேரத்தில் உன் வாயும் திறக்கிறது. பவித்ராவும் பார்த்தாள். திரும்பப் போடச் சொன்னாள், திரும்பப் போட்டோம். அம்மா அழுதாள். நான் அழவில்லை, வெளியே போய் முகம் கழுவிக்கொண்டு வந்தேன்.

அந்தத் துண்டை உனக்கு அனுப்பச் சொல்லியிருக்கிறேன். அதில் முக்கால்வாசி நேரம் யாரும் ஒரு வார்த்தை பேசவில்லை. உன் இயந்திரத்திடம் கொடுத்துவிடாதே.

புறப்படுவதற்கு முந்தின நாள் மத்தியானம் வீட்டுக்கு வா. போனை வெளியே வைத்துவிட்டு வா. இதுவரை உன்னைத் திட்டித்தான் எழுதியிருக்கிறேன், அதில் ஒரு வரியையும் திரும்பப் பெற மாட்டேன். ஆனால் உன்னிடம் வாயால் சொல்ல வேண்டிய ஒன்று இருக்கிறது, அது எழுதுகிற விஷயம் இல்லை. அதன் முதல் எழுத்து எனக்குக் கஷ்டமான எழுத்து. சோறு ஆறிப்போகும். இருந்து கேள்.

அப்பா